நடுநீர் வினை

"அவ என்னை எதுக்குக் கூப்பிட்டா? அது ஒண்ணுதான் எனக்குத் தெரியணும்."

தித்தன் துறையில் நின்றபடி கேட்டான். வணக்கம்கூடச் சொல்லவில்லை.

ஓதி படகைக் கவிழ்த்துப் போட்டு அடிப்பலகையில் மீன் நெய் தடவிக்கொண்டிருந்தாள். நிமிரவில்லை.

"யாரு?"

"என் வீட்டுக்காரி. நல்லினி."

"அவங்ககிட்டயே கேட்கலாமே."

"செத்து மூணு வருஷம் ஆச்சு."

ஓதியின் கை நின்றது. நெய்க் கிண்ணத்தை ஓரமாக வைத்தாள்.

"உட்காருங்க ஐயா."

அவன் உட்காரவில்லை. நின்றபடியே சொன்னான்.

"அன்னைக்குக் காலையில சூளைக்குக் கிளம்பினேன். வாசல் படலைத் தாண்டி நாலு அடி வெச்சிருப்பேன். பின்னாலயிருந்து 'இங்க பாருங்க'ன்னா. கிளம்பும்போது பின்னால கூப்பிட்டா எனக்கு ஆகாது. அது அவளுக்கும் தெரியும். நான் திரும்பலை. மறுபடியும் கூப்பிட்டா. நான் பாட்டுக்கு நடந்துட்டேன்."

"அப்புறம்?"

"சாயங்காலம் வீட்டுக்கு வந்தா, அவ இல்லை."

ஓதி கையிலிருந்த நெய்யைத் துணியில் துடைத்தாள்.

"தெரிஞ்சே கூப்பிட்டிருக்கா. ஏதோ முக்கியமானது. மூணு வருஷமா சோறு இறங்கலை எனக்கு."

தித்தனுக்கு ஐம்பத்தெட்டு வயது. கிளிஞ்சல் சுட்டுச் சுண்ணாம்பு எடுக்கும் சூளையில் வேலை. கை நகமெல்லாம் வெளுத்திருக்கும். பிள்ளைகள் இல்லை. வீட்டில் நல்லினியும் அவனும்தான்.

ஓதிக்கு முப்பத்திரண்டு. பனிக்கழியில் படகு விடுகிறவர்களில் அவள்தான் இளையவள். கடவுமொழி அவளுக்குத் தெரிந்த அளவு வேறு யாருக்கும் தெரியாது.

பனிக்கழியில் எந்நேரமும் மூடுபனிதான். பனிக்குள் சின்னச் சின்னத் திட்டுகள் கிடக்கின்றன. ஒவ்வொரு திட்டும் கழிந்துபோன ஒரு நாள்.

துடுப்பு போட்டு அங்கே போக முடியாது. பாய் விரித்தாலும் நடக்காது. கடவுமொழியில் பேசினால்தான் படகு நகரும்.

போக வேண்டிய நாளில் நடந்தவற்றை வரிசையாகச் சொல்ல வேண்டும். சொல்வது உண்மையானால் படகு போகும். இல்லையென்றால் நிற்கும்.

இவ்வளவுதான் என்று கரையில் இருப்பவர்கள் சொல்வார்கள். படகில் ஏறியவர்கள் அப்படிச் சொல்வதில்லை.

"எனக்குக் கத்துக் கொடுங்க ஆசானம்மா."

"அங்க போய் என்ன பண்ணுவீங்க?"

"அவ கூப்பிட்டதும் 'என்ன'ன்னு கேட்பேன்."

"அங்க உங்க உருவம் யாருக்கும் தெரியாது. குரல் ஒரே ஒரு தடவைதான் கேட்கும். அதுவும் ஒரு சொல்லுக்கு மேல நிக்காது."

"ஒரு சொல் போதும்."

"ஒரு திட்டுல ஒருத்தர் ஒரு தடவைதான் கால் வைக்கலாம்."

"ஒரு தடவை போதும்."

ஓதி அவனைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு நெய்க் கிண்ணத்தை அவன் பக்கம் தள்ளினாள்.

"அந்தப் பக்கத்தைத் தடவுங்க. காயறதுக்குள்ள முடிக்கணும்."



பொருட்களின் பெயர்களைக் கற்கவே ஒரு மாதம் ஆனது.

வயதான நாக்கு. பாதிச் சொற்கள் பல்லில் இடித்தன. ஓதி திருத்தமாட்டாள். தப்பாகச் சொன்னால் கேட்காதவள்போல் இருப்பாள். சரியாக வந்ததும் தலையாட்டுவாள்.

பிறகு வினைச்சொற்கள்.

"இந்த மொழியில வினைக்குக் காலம் இல்லை ஐயா. கரைதான் உண்டு."

"கரையா?"

"இப்ப நடந்துக்கிட்டே இருக்கிறது இக்கரை வினை. போய்ச் சேர்ந்தது அக்கரை வினை."

"ரெண்டுதானா?"

"இன்னொண்ணு இருக்கு. கிளம்பிடுச்சு, ஆனா போய்ச் சேரலை. ஆக்கி வெச்சு யாரும் சாப்பிடாத சோறு. நீட்டி யாரும் பிடிக்காத கை. அதெல்லாம் நடுநீர் வினை."

அவள் ஒரு சொல்லைச் சொல்லிக் காட்டினாள்.

"தூலின். கூப்பிட்டா, அவன் காதுல வாங்கிக்கிட்டான்."

"தூலின்."

"தூலோ. கூப்பிட்டா, அந்தக் குரல் இன்னும் வந்துக்கிட்டே இருக்கு."

தித்தன் வாயைத் திறந்தான்.

"தூலோ," என்றான்.

அன்று அதோடு எழுந்து போய்விட்டான். ஓதியும் தடுக்கவில்லை.

மறுநாள் ஒரு கேள்வியோடு வந்தான்.

"நான் திரும்பியிருந்தா. இதை எப்படிச் சொல்றது?"

ஓதி கழியில் கையை விட்டு ஒரு கை தண்ணீரை அள்ளி அவன் முகத்தில் அடித்தாள்.

அவன் துடைத்துக்கொண்டான்.

"அன்னைக்கு நான் வேலைக்கே போகாம இருந்திருந்தா?"

இன்னொரு கை தண்ணீர்.

"அவ கூப்பிட்டப்பவே நான் கேட்டிருந்தா, ஒருவேளை..."

மூன்றாவது கை.

அந்த வாரம் முழுக்க அவன் நனைந்த சட்டையோடுதான் வீட்டுக்குப் போனான். வழியில் பார்த்தவர்கள் கழிப் பக்கம் மழையா என்று விசாரித்தார்கள்.

"நடக்காததுக்கு உங்க மொழியில ஒரு சொல்கூடக் கிடையாதா?" என்று ஒரு நாள் கோபமாகவே கேட்டான்.

"நடக்காத நாளுக்குத் திட்டே இல்லையே ஐயா. எங்க போய்க் கரை ஏறுவீங்க?"



மூன்றாம் மாதம் அவனால் பொறுக்க முடியவில்லை.

"போதும் ஆசானம்மா. எனக்குத் தேவையான சொல் எல்லாம் வந்துடுச்சு. கிளம்பலாம்."

ஓதி மறுக்கவில்லை. படகை நீரில் இறக்கினாள்.

தித்தன் முன்பக்கம் உட்கார்ந்து சொல்லத் தொடங்கினான். கோழி கூவியதைச் சொன்னான். பழைய கஞ்சியைச் சொன்னான், தொட்டுக்கொண்ட மாவடுவைச் சொன்னான்.

படகு அசைந்தது. பனிக்குள் நுழைந்தது.

படலைச் சொன்னான். அவள் கூப்பிட்டதைச் சொன்னான். தூலோ. மறுபடியும் தூலோ.

படகு அம்பு மாதிரி போயிற்று. தித்தன் கண்ணில் நீர் முட்டியது.

பிறகு சூளையைச் சொன்னான். அன்று எத்தனை கூடை கிளிஞ்சல் வந்தது, காற்று எந்தப் பக்கம் அடித்தது, நெருப்பு எப்படிப் பிடிக்காமல் படுத்தியது என்று சொன்னான். எல்லாம் உண்மை. ஒன்றிலும் பிழை இல்லை.

படகு நின்றுவிட்டது.

"ஏன் நின்னுடுச்சு?"

"இது யாரோட நாள் ஐயா?"

"நல்லினி செத்த நாள்."

"அப்ப நீங்க எதுக்குச் சூளையில நிக்கறீங்க? அவங்க என்ன பண்ணிட்டு இருந்தாங்க?"

"வீட்டு வேலை."

படகு அசையவில்லை.

"என்ன வேலை?"

"சமைச்சிருப்பா. பெருக்கியிருப்பா. துணி..."

படகு பின்னோக்கி நகர்ந்தது. கொஞ்சம்தான், ஒரு முழம் இருக்கும். ஆனால் அது அவனுக்குத் தெரிந்தது.

அவன் வாயை மூடிக்கொண்டான்.

சுற்றிலும் பனி. எங்கோ ஒரு நீர்க்கோழி கத்தியது.

"முப்பது வருஷம் கூட இருந்தேன் ஆசானம்மா," என்றான். 

கரைக்குத் திரும்ப மொழி தேவையில்லை. போகும் எண்ணத்தைக் கைவிட்டால் படகு தானாகவே துறைக்கு வந்துவிடும். வந்தது.

அவன் இறங்கும்போது ஓதி இரண்டே சொல் சொன்னாள்.

"போய்க் கேளுங்க."



பக்கத்து வீடு செள்ளையுடையது. வலை பின்னுகிறவள், நல்லினியின் வயதுதான். தித்தன் அவள் வாசலில் போய் நிற்பது அதுதான் முதல் தடவை.

"நல்லினி செத்த அன்னைக்குப் பகல்ல என்ன பண்ணா தங்கச்சி?"

செள்ளை அவனை ஏற இறங்கப் பார்த்தாள்.

"மூணு வருஷம் கழிச்சா கேட்கறீங்க அண்ணே?"

"ஆமா."

"நீங்க போன அப்புறமும் படல்கிட்ட கொஞ்ச நேரம் நின்னுக்கிட்டு இருந்தா. அப்புறம் என்னை வந்து கூப்பிட்டா. ரெண்டு பேரும் கழிக்குப் போனோம்."

"துணி துவைக்கவா?"

"நீந்தறதுக்கு."

தித்தன் சிரித்துவிட்டான்.

"அவளுக்குத் தண்ணின்னா பயம். ஓடத்துல கால் வைக்கவே மாட்டா."

செள்ளை சிரிக்கவில்லை.

"நல்லினியா? மணல்மேடு வரைக்கும் போய்த் தொட்டுட்டுத் திரும்புவா. நான் பாதியிலேயே மூச்சு வாங்கி நின்னுடுவேன்."

"எப்பக் கத்துக்கிட்டா?"

"ரெண்டு வருஷமா நீந்திட்டு இருந்தா."

"எங்கிட்டச் சொல்லவே இல்லையே."

செள்ளை வலையில் ஒரு முடிச்சுப் போட்டாள். இழுத்துப் பார்த்துவிட்டு இன்னொன்று போட்டாள்.

"சொல்லலைன்னு உங்களுக்கு எப்படித் தெரியும்?"

அவன் அங்கேயே மண்ணில் உட்கார்ந்துவிட்டான்.

செள்ளை உள்ளே போய்த் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள். குடித்தான்.

"அப்புறம்?"

"கரையில உட்கார்ந்து புளியங்காய் தின்னோம், உப்பு தொட்டு. மீன்காரி வந்தா. அழுகின மீனைக் கொடுத்து ஏமாத்தப் பார்த்தா. நல்லினி வாங்கி அப்படியே கழிக்குள்ள வீசிட்டா. பெரிய சண்டை."

"அவளா சண்டை போட்டா?"

"போட்டாளாவா? மீன்காரி கூடையைத் தூக்கிட்டு ஓடிட்டா."

தித்தன் கொஞ்சம் தயங்கினான்.

"என்னைப் பத்தி அன்னைக்கு ஏதாவது சொன்னாளா?"

"அதெல்லாம் இப்ப வேண்டாம் அண்ணே."

"சொல்லும்மா. அது இல்லாம படகு போகாது."

செள்ளை வலையைக் கீழே வைத்தாள்.

"'அந்த மனுஷனோட பேசறதும் செவுத்தோட பேசறதும் ஒண்ணு. செவுராவது எதிரொலிக்கும்'னா."

அவன் தலையாட்டினான். எழுந்து வேட்டியில் ஒட்டிய மண்ணைத் தட்டினான்.

"அங்கிருந்து எங்க போனா?"

"பண்ணன் அண்ணன்கிட்ட. தினமும் போவாளே."

தித்தனுக்கு அதுவும் தெரியாது.



பண்ணன் புன்னை மரத்தடியில் கயிறு திரித்துக்கொண்டிருந்தார். பிறவியிலேயே பார்வை கிடையாது. காலடிச் சத்தத்தை வைத்தே ஆளைச் சொல்லிவிடுவார்.

"இந்தக் கால் சுண்ணாம்புக் கால். தித்தனா?"

"ஆமாண்ணே. நல்லினி தினமும் இங்க வருவாளாமே. எதுக்கு?"

"மேகம் சொல்லறதுக்கு."

"மேகமா?"

"நான்தான் பார்த்ததில்லையே. வானத்துல இன்னைக்கு என்ன இருக்குன்னு வந்து சொல்லிட்டுப் போகும். ஒரு நாள் நொண்டி ஆடு. ஒரு நாள் கவுந்த அண்டா. ஒரு நாளும் தப்பினதில்லை."

"கடைசி நாள் என்ன சொன்னா?"

பண்ணன் கயிற்றை நிறுத்தினார். முகம் மலர்ந்தது.

"'பெருசா ஒண்ணு மல்லாந்து படுத்திருக்கு அண்ணே. எங்க வீட்டுக்காரர் சாப்பிட்டுட்டுப் படுத்த மாதிரி, தொப்பையும் அதுவுமா'ன்னு சொல்லிச்சு. ரெண்டு பேரும் அப்படிச் சிரிச்சோம்."

தித்தன் தன் வயிற்றைத் தடவிக்கொண்டான்.

"அப்புறம் வீட்டுக்குப் போறேன்னு கிளம்பிடுச்சு. உச்சி வெயில் நேரம். அதுக்கப்புறம் நான் அந்தக் குரலைக் கேட்கலை."

பண்ணன் மறுபடியும் கயிற்றை எடுத்தார்.

"இப்ப மேல என்ன இருக்கு தித்தா?"

அவன் அண்ணாந்து பார்த்தான்.

"ஒண்ணும் இல்லைண்ணே."

"நல்லாப் பாரு."

பார்த்தான். கழுத்து வலித்தது.

"வெள்ளையா, சின்னதா... ஒரு கோழி. ஒரு பக்கம் இறக்கை பிஞ்சிருக்கு."

"கோழியா!" என்றார் பண்ணன்.

மறுநாளும் தித்தன் அங்கே போனான். அதற்கு அடுத்த நாளும் போனான். அன்றைய தினத்தைப் பற்றிக் கேட்க வேறொன்றும் மிச்சமில்லை. ஆனாலும் போனான்.

உச்சி வெயிலுக்குப் பிறகு நல்லினியைப் பார்த்தவர்கள் யாரும் இல்லை. தெருவில் ஒவ்வொரு வீடாகக் கேட்டுப் பார்த்துவிட்டான். விளக்கு வைக்கும் நேரம் வரை அவள் வீட்டுக்குள் தனியாக இருந்திருக்கிறாள்.

கேட்டுவந்ததையெல்லாம் கடவுமொழியில் சொல்லப் பழக இன்னும் ஐந்து மாதம் ஆனது. நீந்துவதற்கு அந்த மொழியில் பதினொரு சொற்கள் உண்டு. நல்லினி எப்படிக் கை வீசுவாள் என்று செள்ளையிடம் திரும்பப் போய்க் கேட்டுவந்து, சரியான சொல்லை எடுத்தான்.



எட்டாம் மாதம் ஒரு விடிகாலை மறுபடியும் படகில் ஏறினார்கள்.

தித்தன் சொன்னான். கஞ்சி, மாவடு, படல், தூலோ, தூலோ. அவள் படலருகே நின்றதைச் சொன்னான். கழியில் இறங்கியதைச் சொன்னான். அவள் கை நீரை வெட்டியதைச் சொன்னான்.

படகு ஓடியது.

புளியங்காயைச் சொன்னான். வீசியெறிந்த மீனைச் சொல்லும்போது அவனுக்கே சிரிப்பு வந்தது.

சுவரைப் பற்றி அவள் சொன்னதை விழுங்கிவிட்டு மேகத்துக்குத் தாவினான்.

படகு நின்றது.

ஓதி எங்கோ பார்த்துக்கொண்டிருந்தாள்.

அவன் பெருமூச்சு விட்டுவிட்டுச் சுவரைச் சொன்னான். எதிரொலியையும் சேர்த்துச் சொன்னான். படகு கிளம்பியது.

மேகம். தொப்பை. பண்ணனின் சிரிப்பு. உச்சி வெயில். வீட்டுக்கு நடந்தாள்.

"உள்ளே போனாள்," என்றான். "பாயை விரித்தாள். படுத்..."

படகு ஒரு சுற்றுச் சுற்றியது. தித்தன் விளிம்பைப் பிடித்துக்கொண்டான்.

"தப்பா சொல்லிட்டேனா? அப்ப அடுப்பை..."

ஓதி எழுந்து வந்து அவன் உதட்டின்மேல் விரலை வைத்தாள்.

அவன் திகைத்துப் பார்த்தான்.

விரலை எடுத்தபிறகும் அவன் பேசவில்லை. பேச எதுவும் இருக்கவில்லை. அவளுடைய அந்தப் பகலை அவன் அவளுக்கே விட்டுவிட்டு உட்கார்ந்திருந்தான்.

படகு நகர்ந்தது. அதுவரை போகாத வேகத்தில் போனது. முன்பலகையில் நீர் பிரிகிற சத்தம் மட்டும் வெகுநேரம் கேட்டுக்கொண்டிருந்தது.

பிறகு வேகம் குறைந்தது. விளக்கு வைக்கும் நேரம் வந்துவிட்டது என்று அவனுக்குப் புரிந்தது.

"நான் வந்தேன். அவள் இல்லை," என்றான்.

படகு நின்றது.

"நான் வந்தேன். அவள் சுவரில் சாய்ந்திருந்தாள். மூச்சு இல்லை."

அசையவில்லை.

"அவ்வளவுதான் ஆசானம்மா. வேற ஒண்ணும் இல்லை."

 படகு நகரவில்லை.

வெகுநேரம் ஆனது. அவன் முழங்காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தான். கடைசியில் வீட்டில் பேசுகிற பேச்சிலேயே சொன்னான்.

"வாசல்லயிருந்தே கத்தினேன். 'பொழுது போச்சு, இன்னும் விளக்கு ஏத்தலையா? அப்படி என்ன தூக்கம்?'னு. பதில் இல்லை. கிட்டப் போய் இன்னும் சத்தமா கத்தினேன். ரெண்டு தடவை. அப்புறம்தான் தோளைத் தொட்டேன்."

பனி அவன் தலைமுடியில் துளித்துளியாக நின்றது.

"இதை யார்கிட்டயும் சொன்னதில்லை."

"அதை மொழியில சொல்லுங்க ஐயா," என்றாள் ஓதி.

சொன்னான். ஒவ்வொரு சொல்லாக, பிழையில்லாமல்.

படகின் அடி மணலில் உரசியது.

பனிக்கு அந்தப் பக்கம் விடிந்துகொண்டிருந்தது. கோழி கூவியது. யார் வீட்டிலோ விறகுப் புகை.

தித்தனால் எழுந்திருக்க முடியவில்லை.  ஓதி கை கொடுத்து இறக்கிவிட்டாள்.

"என்ன சொல்லப் போறீங்க?"

"'என்ன'."

"ஒரே தடவைதான்."

"தெரியும் ஆசானம்மா."

பனிக்குள் போனான்.



ஓதி படகில் காத்திருந்தாள்.

எத்தனையோ பேரை எத்தனையோ திட்டில் இறக்கிவிட்டிருக்கிறாள். அவர்கள் எதற்காகப் போகிறார்கள் என்று மனதில் வைத்துக்கொண்டதில்லை. இந்த முறை அப்படி இருக்க முடியவில்லை. எட்டு மாதம் கேட்ட கதை. அவளுக்கும் தெரிய வேண்டியிருந்தது.

பனிக்கு அப்பால் ஒரு பெண் குரல் கூப்பிட்டது.

ஓதி நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

கொஞ்சம் பொறுத்து மறுபடியும் கூப்பிட்டது.

அதற்குப் பிறகு ஒன்றும் கேட்கவில்லை. பனி குரல்களை விழுங்கிவிடும். அது அவளுக்குப் பழக்கம்தான்.

அங்கே வெயில் ஏறியது. இறங்கியது. பனியின் நிறம் மாறியதில் அவள் அதைத் தெரிந்துகொண்டாள். கொண்டுவந்த சோற்றைப் பிரித்தாள், சாப்பிடாமல் மூடினாள்.

இருட்டத் தொடங்கும்போது தித்தன் வந்தான். மெதுவாக நடந்து வந்தான். ஏறி உட்கார்ந்தான்.

படகு தானாகத் திரும்பியது.

அவன் அழுதிருந்தான். ஆனால் முகம் வேறு மாதிரி இருந்தது.

"தலையைக் காய வெச்சா," என்றான். "முற்றத்துல நின்னு முடியை உதறினா. அவ்வளவு தூரம் தண்ணி தெறிக்கும்னு எனக்குத் தெரியாது. என் மேல தெறிச்சுது."

ஓதி கேட்டுக்கொண்டிருந்தாள்.

"ஒரு காக்காவோட சண்டை போட்டா. அதுகிட்ட நியாயம் கேட்டா. நாலு கேள்வி. அப்புறம் அவளே சோறு வெச்சா."

"ம்."

"ஒரு பாட்டு. ஒரே ஒரு அடிதான் தெரியும்போல. அதையே திரும்பத் திரும்ப. சுருதி சேரவே இல்லை."

அவன் சிரித்தான். பிறகு சிரிப்பு நின்றது.

"விளக்கு நேரத்துக்கு நெஞ்சைப் பிடிச்சுக்கிட்டுச் சாய்ஞ்சா. நான் பக்கத்துல உட்கார்ந்துக்கிட்டேன். ரொம்ப நேரம் இல்லை. சின்னதா ஒரு மூச்சு, அவ்வளவுதான்."

நீர்ச் சத்தம்.

"கொஞ்ச நேரத்துல ஒருத்தன் கத்திக்கிட்டே உள்ள வந்தான். அவனைப் பார்க்கப் பாவமா இருந்துச்சு."

துறை தெரியத் தொடங்கியது. ஓதியால் அதற்கு மேல் அடக்க முடியவில்லை.

"அவங்க எதுக்குக் கூப்பிட்டாங்க ஐயா?"

தித்தன் அவளைப் பார்த்தான்.

"நீங்க கேட்டீங்கல்ல? 'என்ன'ன்னு?"

அவன் வாய் திறந்தது. கை தலைக்குப் போயிற்று. சட்டென்று திரும்பிப் பின்னால் பார்த்தான். திட்டு இருந்த இடத்தில் பனிதான் இருந்தது.

"மறந்தே போச்சு ஆசானம்மா."

"எட்டு மாசம் ஐயா!" என்றாள் ஓதி. "அந்த ஒரு சொல்லுக்காக எட்டு மாசம்!"

"ஆமா."

"அவங்க கூப்பிட்டப்ப நீங்க அங்கதானே இருந்தீங்க?"

"எதிர்லதான் நின்னேன். ஒரு முழம் தூரம் இருக்கும்."

"அப்புறம்?"

தித்தன் தன் இடது புருவத்தை விரலால் மெல்ல மேலே தூக்கிக் காட்டினான்.

"கூப்பிடும்போது அவளுக்கு இது இப்படி ஏறுது," என்றான்.